கவலைக்குள் சிரிப்பைக் கண்டவர்

1894ஆம் ஆண்டு. இங்கிலாந்தின் ஆல்டர்ஷாட் நகரில் உள்ள ஓர் அரங்கில் ஹன்னா என்ற பாடகி பாடிக்கொண்டிருந்தார். பார்வையாளர்களில் பெரும்பாலோர் படைவீரர்கள். பாடலின் நடுவே ஹன்னாவின் குரல் உடைந்தது. அடுத்த அடியைப் பாட முயன்றார். வெறும் காற்றுதான் வந்தது. அரங்கில் கேலிச் சிரிப்பும் கூச்சலும் எழுந்தன. அவர் தலைகுனிந்து மேடையை விட்டு வெளியேறினார்.

திரைமறைவில் அவருடைய ஐந்து வயது மகன் நின்றுகொண்டிருந்தான். நிகழ்ச்சியை எப்படியாவது தொடர வேண்டுமே என்று தவித்த மேடை மேலாளர், அச்சிறுவனைக் கைப்பிடித்து அழைத்துச் சென்று மேடையின் நடுவில் நிறுத்தினார். சிறுவன் அஞ்சவில்லை. தனக்குத் தெரிந்த ஒரு பாடலைப் பாடத் தொடங்கினான். பாதிப் பாடல் முடிவதற்குள் மேடையில் நாணயங்கள் வந்து விழுந்தன. உடனே அவன் பாட்டை நிறுத்தினான். முதலில் காசைப் பொறுக்கிக்கொண்டு பிறகு பாடுவதாக அறிவித்தான். அரங்கம் சிரித்தது. மேலாளர் ஒரு கைக்குட்டையுடன் வந்து காசுகளைத் திரட்ட உதவினார். அவற்றை அவரே வைத்துக்கொள்வாரோ என்ற கவலை சிறுவனுக்கு. அவர் பின்னாலேயே ஓடினான். அரங்கம் இன்னும் பலமாகச் சிரித்தது. காசு தாயின் கைக்குப் போய்ச் சேர்ந்த பிறகே அவன் மீண்டும் பாட வந்தான்.

பார்த்தவர்களுக்கு அது வேடிக்கையாக இருந்தது. சிறுவனுக்கோ அது உண்மையான கவலை. அந்தச் சிறுவன்தான் சார்லி சாப்ளின். பின்னாளில் உலகம் முழுவதையும் சிரிக்க வைத்த அவருடைய கலை, அன்று அந்த மேடையில் நடந்ததைப் போலவே, மனிதரின் உண்மையான கவலைகளிலிருந்து பிறந்தது.

வறுமையில் வளர்ந்த பிள்ளை

சார்லி சாப்ளின் 1889ஆம் ஆண்டு ஏப்ரல் 16ஆம் நாள் பிறந்தார். தெற்கு லண்டனில் வளர்ந்தார். தந்தையும் தாயும் மேடைக் கலைஞர்கள். சார்லி குழந்தையாக இருந்தபோதே தந்தை குடும்பத்தை விட்டுப் பிரிந்தார். குடிப்பழக்கத்திற்கு அடிமையான அவர் 1901ஆம் ஆண்டில் இறந்தார். சார்லியையும் அவனைவிட நான்கு வயது மூத்தவனான அண்ணன் சிட்னியையும் தாய் ஹன்னாவே தனியாக வளர்த்தார்.

குரல் கெட்ட பிறகு ஹன்னாவுக்கு மேடை வாய்ப்புகள் குறைந்தன. துணி தைத்துக் கொடுத்து அவர் பிழைப்பு நடத்தினார். வாடகை கொடுக்க முடியாமல் குடும்பம் ஒரு சிறிய அறையிலிருந்து அதைவிடச் சிறிய அறைக்கு மாறிக்கொண்டே இருந்தது. அந்த நிலையிலும் ஹன்னா தம் கலையை மறக்கவில்லை. சன்னல் ஓரம் நின்று தெருவில் போவோரைக் கவனிப்பார். ஒருவர் நடக்கும் விதத்தையும் முகத்தையும் பார்த்து, அவர் என்ன மனநிலையில் இருக்கிறார் என்பதை அப்படியே நடித்துக் காட்டுவார். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். மனிதரை உற்றுக் கவனிக்கும் பழக்கத்தைச் சார்லி தாயிடமிருந்தே கற்றான்.

அக்காலத்து லண்டனில், பிழைக்க வழியற்றவர்கள் ஏழைகள் விடுதியில் தஞ்சம் புகுவது வழக்கம். அங்கே கடுமையான விதிமுறைகள் இருந்தன. சார்லிக்கு ஏழு வயதானபோது ஹன்னா தம் இரு மகன்களுடன் அத்தகைய விடுதிக்குச் செல்ல நேர்ந்தது. உள்ளே நுழைந்ததும் தாயையும் பிள்ளைகளையும் பிரித்துவிட்டார்கள். பின்னர்ப் பிள்ளைகள் இருவரும் ஹான்வெல் என்ற இடத்தில் இருந்த ஏழைக் குழந்தைகள் பள்ளிக்கு அனுப்பப்பட்டார்கள்.

சிறு வயதில் கண்ட ஒரு காட்சி சார்லியின் மனத்தில் ஆழப் பதிந்தது. அவன் வாழ்ந்த தெருவின் முனையில் ஆடு வெட்டும் கூடம் ஒன்று இருந்தது. ஒரு நாள் அங்கே கொண்டு செல்லப்பட்ட ஆடுகளில் ஒன்று தப்பித்துத் தெருவில் ஓடியது. அதைப் பிடிக்கப் போனவர்கள் தடுக்கி விழுந்தார்கள். ஒருவர்மேல் ஒருவர் மோதிக்கொண்டார்கள். சார்லி கைகொட்டிச் சிரித்தான். இறுதியில் ஆடு பிடிபட்டது. அதைத் தூக்கிக்கொண்டு கூடத்தை நோக்கி நடந்தபோதுதான் அவனுக்கு உண்மை உறைத்தது. அதைக் கொல்லப் போகிறார்கள் என்று கதறியபடி தாயிடம் ஓடினான். சிரிப்பும் துயரமும் ஒரே நிகழ்ச்சியில் கலந்திருக்க முடியும் என்பதை அவன் முதன்முதலாக உணர்ந்தது அன்றுதான். தம் திரைப்படங்களின் போக்கிற்கு அந்த நிகழ்ச்சியே விதையாக இருந்திருக்கலாம் என்று பிற்காலத்தில் அவர் தம் வாழ்க்கை வரலாற்றில் எண்ணிப் பார்த்திருக்கிறார்.

வறுமையும் பட்டினியும் ஹன்னாவின் மனநலத்தைச் சிதைத்தன. 1903ஆம் ஆண்டில் ஒரு நாள் சார்லி வீடு திரும்பியபோது, தாய்க்கு மனம் பேதலித்துவிட்டது என்று அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் கூறினார்கள். அப்போது அவனுக்கு வயது பதினான்கு. சிட்னி கப்பலில் வேலைக்குப் போயிருந்தான். உதவிக்கு வேறு யாரும் இல்லை. தள்ளாடிய தாயைத் தாங்கிப் பிடித்து மருத்துவமனைக்கு நடத்திச் சென்றவன் சார்லிதான். பிறகு ஹன்னா மனநல மருத்துவமனைக்கு மாற்றப்பட்டார். மகன்கள் பார்க்கச் சென்றபோது, அன்று பிற்பகல் தமக்கு ஒரு கோப்பை தேநீர் கிடைத்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது என்று அவர் சார்லியிடம் சொன்னார். அந்தச் சொல் சார்லியின் நெஞ்சை விட்டு அகலவே இல்லை.

சொல்லின்றிச் சிரிக்க வைக்கும் கலை

பள்ளிப் படிப்பு பாதியில் நின்றுபோனது. சார்லி நாளிதழ் விற்றான். முடிதிருத்தும் கடையில் எடுபிடி வேலை செய்தான். அச்சகத்திலும் வேலை பார்த்தான். எந்த வேலையைச் செய்தாலும் நடிகனாக வேண்டும் என்ற எண்ணம் மட்டும் மாறவில்லை. நாடக வாய்ப்புகளை வாங்கித் தரும் அலுவலகத்திற்கு அடிக்கடி சென்று வந்தான். 1903ஆம் ஆண்டில் 'ஷெர்லாக் ஹோம்ஸ்' நாடகத்தில் ஏவலாள் சிறுவன் வேடம் கிடைத்தது. வசனங்களைத் தாமாகவே படிக்கும் அளவுக்குச் சார்லிக்கு எழுத்துப் பயிற்சி இல்லை. கப்பலிலிருந்து திரும்பியிருந்த சிட்னி உதவிக்கு வந்தான். அண்ணனின் உதவியால் மூன்றே நாளில் முழு வேடத்தையும் தம்பி மனப்பாடம் செய்துவிட்டான்.

1908ஆம் ஆண்டில் ஃபிரெட் கார்னோ என்பவரின் நகைச்சுவைக் குழுவில் சாப்ளின் சேர்ந்தார். அங்கு முன்பே நடித்துவந்த சிட்னிதான் தம்பிக்காகப் பரிந்து பேசினார். அக்குழு குறுநாடகங்களுக்குப் பெயர் பெற்றது. குறுநாடகம் என்பது சில நிமிடங்களே நடக்கும் சிறு நகைச்சுவைக் காட்சி. அன்றாட வாழ்க்கையில் நாம் காணும் ஒரு சூழல். அதில் சிக்கித் தவிக்கும் ஒரு மனிதர். அந்தத் தவிப்பு மேலும் மேலும் பெரிதாகும் விதம். இவ்வளவுதான் அதன் கதை. கார்னோவின் நடிகர்கள் பெரும்பாலும் பேசாமல் உடல் அசைவாலேயே கதையைச் சொன்னார்கள். ஓர் அடி எடுத்து வைப்பதையும் திரும்பிப் பார்ப்பதையும்கூடச் சரியான நொடியில் செய்ய வேண்டும். அந்த நொடி தவறினால் சிரிப்பு வராது. சாப்ளின் இரவும் பகலும் பயிற்சி செய்து அந்த நுட்பத்தைக் கைவரப்பெற்றார்.

அக்குழுவுடன் அவர் இருமுறை அமெரிக்காவுக்குச் சென்றார். மேடையில் அவருடைய நடிப்பைக் கண்டவர்கள் திரைப்படத்தில் நடிக்க அழைத்தார்கள். 1913ஆம் ஆண்டில், வாரம் 150 டாலர் சம்பளத்திற்குக் கீஸ்டோன் நிறுவனத்துடன் அவர் ஒப்பந்தம் செய்துகொண்டார்.

தொப்பியும் கைத்தடியும்

கீஸ்டோனில் ஒரு நாள், நகைச்சுவைக்கு ஏற்ற ஓர் ஒப்பனையுடன் வரும்படி சாப்ளினிடம் கூறப்பட்டது. உடைகள் வைத்திருந்த அறைக்குச் சென்ற அவர், ஒன்றுக்கொன்று பொருந்தாத பொருள்களையே தேர்ந்தெடுத்தார். கால்சட்டை தொளதொளவென்று இருந்தது. மேற்சட்டை உடம்பை இறுக்கியது. தொப்பி சிறியது, காலணிகள் பெரியவை. அவற்றுடன் ஒரு சிறு மீசையும் வளையும் கைத்தடியும் சேர்ந்தன. 1914ஆம் ஆண்டு பிப்ரவரியில் அந்த உருவம் முதன்முறையாகத் திரையில் தோன்றியது.

அந்த உருவம் ஒரு நாடோடியின் உருவம். அவனுக்கு வீடு இல்லை. நிலையான வேலை இல்லை. ஆயினும் கிழிந்த கையுறையைக் கழற்றும்போதுகூட ஒரு கனவானைப் போலவே நடந்துகொள்வான். கீழே விழுந்தால் எழுந்து, தூசியைத் தட்டி, தொப்பியைச் சரிசெய்துகொண்டு நடப்பான். புதிதாக வந்து குடியேறியவர்களும் தொழிலாளர்களும் வேலை தேடி அலைந்தவர்களும் அவனிடம் தங்களையே கண்டார்கள். பேசாப் படம் என்பதால் மொழி தெரியாதவர்களுக்கும் அவன் புரிந்தான். மூன்றே ஆண்டுகளில் சாப்ளினின் வருமானம் வாரத்திற்கு 10,000 டாலராக உயர்ந்தது.

அந்த நாடோடியை வைத்துச் சாப்ளின் நகர வாழ்க்கையின் தொல்லைகளை எள்ளி நகையாடினார். 1916ஆம் ஆண்டில் வெளிவந்த ஒரு படத்தில், அப்போது புதுமையாக இருந்த நகரும் படிக்கட்டில் அவன் சிக்கிக்கொள்கிறான். எவ்வளவு வேகமாக ஓடினாலும் நின்ற இடத்திலேயே நிற்கிறான். 1922ஆம் ஆண்டுப் படமொன்றில், கூட்டம் நிரம்பி வழியும் டிராம் வண்டியில் முண்டியடித்து ஏறுகிறான். கூட்ட நெரிசல் அவனை மறுபக்கமாக வெளியே தள்ளிவிடுகிறது. 1925ஆம் ஆண்டில் வந்த 'தி கோல்டு ரஷ்' படத்தில், பசி தாங்காமல் தன் காலணியையே வேகவைத்து உண்கிறான். காலணி ஆணிகளைக் கோழி எலும்புபோல் சுவைக்கும் அந்தக் காட்சியைக் கண்டு மக்கள் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். பட்டினியை அறிந்த ஒருவரால்தான் அதை அப்படி நடிக்க முடிந்தது.

'தி கிட்' என்ற படம் 1921ஆம் ஆண்டில் வெளிவந்தது. அதில் நாடோடி வளர்க்கும் ஓர் ஆதரவற்ற சிறுவனை அதிகாரிகள் பிடித்துச் செல்ல முயல்கிறார்கள். தாயிடமிருந்து பிரிக்கப்பட்ட ஏழு வயதுச் சார்லியின் வேதனை அந்தக் காட்சியில் தெரிகிறது. அதே ஆண்டில் சாப்ளின் தம் தாயை அமெரிக்காவுக்கு அழைத்துவந்தார். ஒரு வீட்டையும் கவனித்துக்கொள்ள ஆள்களையும் ஏற்பாடு செய்தார். ஹன்னா 1928ஆம் ஆண்டில் காலமாகும்வரை அங்கேயே வாழ்ந்தார்.

இயந்திரங்களின் நடுவே

1931ஆம் ஆண்டில் சாப்ளின் ஒரு நீண்ட உலகப் பயணத்தைத் தொடங்கினார். அப்போது உலகம் பெரும் பொருளாதார வீழ்ச்சியில் சிக்கியிருந்தது. சென்ற இடமெல்லாம் வேலையற்றவர்களைப் பற்றிய பேச்சைக் கேட்டார். லண்டனில் ஏழைகள் வாழும் பகுதியில் இருந்த ஒரு சிறிய வீட்டில் காந்தியடிகளைச் சந்தித்தார். காந்தியடிகள் இயந்திரங்களை ஏன் வெறுக்கிறார் என்பதே சாப்ளின் எழுப்பிய கேள்வி. மனிதரின் நலனுக்காகப் பயன்படுத்தினால், இயந்திரம் அவர்களுடைய வேலைச்சுமையைக் குறைக்கும் என்பது அவருடைய கருத்து. இயந்திரங்களால் இந்தியா இங்கிலாந்தை நம்பி வாழும் நிலைக்குத் தள்ளப்பட்டதையும், அதனால்தான் இந்தியர் தாமே நூல் நூற்க வேண்டியிருப்பதையும் காந்தியடிகள் விளக்கினார். அந்த உரையாடல் சாப்ளினைச் சிந்திக்க வைத்தது. அப்பயணத்தின்போது, 1932ஆம் ஆண்டில், அவரும் சிட்னியும் சிங்கப்பூருக்கும் பாலித் தீவுக்கும்கூட வந்து சென்றார்கள்.

அமெரிக்கத் தொழிற்சாலைகளைப் பற்றி ஒரு செய்தியாளர் கூறியதும் சாப்ளினின் நினைவில் இருந்தது. நகரும் பட்டையின் முன் நின்று ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்த இளைஞர்கள், சில ஆண்டுகளிலேயே நரம்புத் தளர்ச்சிக்கு ஆளானார்கள் என்பதே அச்செய்தி. இவற்றையெல்லாம் மனத்தில் கொண்டு அவர் உருவாக்கிய படம்தான் 'மாடர்ன் டைம்ஸ்'. 'நவீன காலம்' என்று பொருள்படும் அப்படம் 1936ஆம் ஆண்டு பிப்ரவரியில் வெளிவந்தது.

படம் ஓர் ஆட்டு மந்தையுடன் தொடங்குகிறது. அடுத்த நொடியில், வேலைக்கு விரையும் மனிதக் கூட்டம் திரையை நிறைக்கிறது. தொழிற்சாலையில் நாடோடிக்கு ஒரே வேலைதான். இரு கைகளிலும் ஸ்பானர் பிடித்து, நகரும் பட்டையில் வரும் நட்டுகளை முடுக்க வேண்டும். மூக்கைச் சொறிய நின்றால்கூட வேலை பிந்திவிடும். முதலாளி ஒரு பெரிய திரையில் தோன்றி வேகத்தைக் கூட்டச் சொல்கிறார். நாடோடி சற்று ஓய்வெடுக்கக் கழிவறைக்குச் சென்றால், அங்கும் சுவரில் முதலாளியின் முகம் தோன்றி அவனை அதட்டுகிறது. வேலை நின்ற பிறகும் அவன் கைகள் நட்டு முடுக்குவதை நிறுத்துவதில்லை.

உணவு நேரத்தைச் சேமிப்பதற்காக ஒரு புதிய கருவி வருகிறது. தொழிலாளருக்கு அது தானாகவே உணவு ஊட்டும். சோதித்துப் பார்க்க நாடோடியை அதில் கட்டி உட்கார வைக்கிறார்கள். கருவி பழுதாகிறது. சூப் அவன்மேல் கொட்டுகிறது. மக்காச்சோளம் அவன் பற்களில் படபடவென்று சுழல்கிறது. இரும்பு நட்டுகளும் வாய்க்குள் திணிக்கப்படுகின்றன. முதலாளி அக்கருவியை வேண்டாம் என்கிறார். அவன் பட்ட துன்பத்திற்காக அன்று. அது பயன்தராது என்பதற்காக. பார்வையாளர்கள் சிரிக்கிறார்கள். சிரித்து முடித்ததும், மனிதரை இயந்திரத்தின் உறுப்பாக்கும் முறையைப் பற்றி எண்ணிப் பார்க்கிறார்கள். குறையைச் சுட்டிக்காட்டும் இத்தகைய நகைச்சுவையைத்தான் அங்கதம் என்கிறோம்.

இறுதியில் நாடோடி இயந்திரத்தின் பெரிய பற்சக்கரங்களுக்குள்ளேயே விழுகிறான். மனம் குழம்பி மருத்துவமனைக்குச் செல்கிறான், வேலையை இழக்கிறான். ஊர்வலத்தின் தலைவன் என்று தவறாகக் கருதப்பட்டுச் சிறைக்கும் போகிறான். வெளியே வேலையும் உணவும் இல்லாததால், விடுதலை கிடைத்தும் சிறையிலேயே இருக்க விரும்புகிறான். பிறகு பசியால் ரொட்டி திருடிய ஓர் இளம்பெண் அவனுக்குத் தோழியாகிறாள். ஒரு பேரங்காடியில் அவன் இரவுக் காவலனாக இருக்கும்போது திருடர்கள் நுழைகிறார்கள். அவர்களுள் ஒருவன், தொழிற்சாலையில் அவனுடன் வேலை செய்தவன். பசிதான் அவர்களைத் திருடவைத்தது என்பதை அவன் உணர்கிறான்.

பேசும் படங்கள் வந்து பல ஆண்டுகள் ஆகியும் இப்படத்தில் நாடோடி பேசுவதில்லை. முதலாளியின் குரல் திரைக் கருவியின் வழியாக ஒலிக்கிறது. வானொலியும் இசைத்தட்டும் பேசுகின்றன. எதிரெதிரே நிற்கும் மனிதர்கள் பேசும் குரல் மட்டும் நமக்குக் கேட்பதில்லை. படத்தின் இறுதிப் பகுதியில் நாடோடி ஒரு பாடல் பாட வேண்டியிருக்கிறது. பாடல் வரிகளை எழுதி வைத்திருந்த சட்டைக் கைப்பட்டை பறந்துவிடுகிறது. வேறு வழியின்றி, எந்த மொழியிலும் இல்லாத சொற்களை உளறிப் பாடி நடிக்கிறான். திரையில் உலகம் கேட்ட நாடோடியின் முதல் குரல் அதுதான். வேலையை மீண்டும் இழந்த இருவரும் விடியற்காலையில் ஒரு நீண்ட சாலையில் கைகோத்து நடப்பதுடன் படம் முடிகிறது. சோர்ந்திருந்த பெண்ணுக்கு, புன்னகை செய் என்று நாடோடி சைகையால் சொல்கிறான்.

எழுத்து, இயக்கம், நடிப்பு ஆகியவற்றோடு இசையையும் சாப்ளினே அமைத்தார். முறையாக இசைக்குறிப்பு எழுதக் கற்காத அவர், மனத்தில் தோன்றிய மெட்டுகளை முணுமுணுத்துக் காட்ட, இசைக் கலைஞர்கள் எழுதிக்கொண்டார்கள். மனநிறைவு ஏற்படும்வரை ஒரே காட்சியைப் பலமுறை படமாக்குவது அவர் வழக்கம். அதனால் உடன் நடித்தவர்கள் சில வேளைகளில் சலிப்படைந்ததும் உண்டு.

பிரிந்த நாடும் திரும்பிய நாளும்

1940ஆம் ஆண்டில் 'தி கிரேட் டிக்டேட்டர்' என்ற படத்தில் ஹிட்லரின் கொடுங்கோன்மையைச் சாப்ளின் கேலி செய்தார். போருக்குப் பிறகு அமெரிக்காவில் சூழ்நிலை மாறியது. பொதுவுடைமைக் கருத்தை ஆதரிப்பவர் என்ற ஐயம் அவர்மேல் எழுந்தது. அவர் அதை மறுத்தார். 1952ஆம் ஆண்டில் குடும்பத்துடன் கப்பலில் லண்டனுக்குப் புறப்பட்டபோது, அமெரிக்கா திரும்புவதற்கான அவருடைய அனுமதி நீக்கப்பட்டது. அதன்பின் மனைவி ஊனாவுடனும் பிள்ளைகளுடனும் அவர் சுவிட்சர்லாந்தில் குடியேறினார்.

இருபது ஆண்டுகள் கழித்து, 1972ஆம் ஆண்டில், சிறப்பு ஆஸ்கார் விருதைப் பெற்றுக்கொள்ள அமெரிக்கா அவரை அழைத்தது. 82 வயது முதியவர் மேடைக்கு வந்தபோது அரங்கம் முழுவதும் எழுந்து நின்று பல நிமிடங்கள் கைதட்டியது. கண் கலங்கிய அவரால் அதிகம் பேச முடியவில்லை. 1975ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் அரசி அவருக்கு 'சர்' பட்டம் வழங்கினார். 1977ஆம் ஆண்டு டிசம்பர் 25ஆம் நாள், தமது 88ஆம் வயதில், சாப்ளின் காலமானார்.

ஐந்து வயதில் மேடையில் காசு பொறுக்கிய சிறுவன், பின்னர் உலகின் பெரும் செல்வந்தக் கலைஞர்களுள் ஒருவரானார். ஆயினும் பசித்தவரையும் வேலை இழந்தவரையும் அவர் தம் படங்களில் ஒருபோதும் இழிவாகக் காட்டவில்லை. துன்பப்படுபவரைப் பார்த்து மக்கள் சிரிப்பதை ஆல்டர்ஷாட் அரங்கில் அவர் தம் கண்ணால் கண்டவர். அவருடைய படங்களில் மக்கள் நாடோடியைப் பார்த்துச் சிரித்தபோது, தங்கள் கவலைகளையும் சேர்த்தே சிரித்தார்கள். இன்று உணவு உண்ணும் நேரத்திலும் கைப்பேசியை விடாமல் பார்த்துக்கொண்டிருப்பவர் 'மாடர்ன் டைம்ஸ்' படத்தின் உணவு ஊட்டும் கருவியைக் கண்டால் சிரிக்கத்தான் செய்வார். சிரித்துவிட்டு, கைப்பேசியைச் சற்று நேரம் கீழே வைக்கவும் கூடும்.